கறவைக் கைகள் - 9: பத்து மில்லி அமிலம்

சென்ற வாரம் அஜர்புராவில் நிறுத்தியிருந்தோம். 1964 அக்டோபர் மாதக் கடைசி. குஜராத்தின் கேடா மாவட்டத்தில் உள்ள அந்தக் கிராமத்தில், ஒரு விவசாயி வீட்டில் பிரதமர் லால் பகதூர் சாஸ்திரி ஓர் இரவு தங்கினார். மறுநாள் கஞ்சரியில் மாட்டுத் தீவனத் தொழிற்சாலையைத் திறந்து வைத்தார்.

இந்த மண் அப்படியொன்றும் வளமானதில்லை. மழையும் அதிகமில்லை. எருமைகளும் என் ஊர் எருமைகளைவிட உசத்தி இல்லை. பிறகு எப்படி இங்கே மட்டும் பால் பண்ணை ஜெயிக்கிறது? ஆனந்தின் கூட்டுறவுப் பால் பண்ணையை நடத்திய வர்கீஸ் குரியனிடம் சாஸ்திரி கேட்டது இதைத்தான். பால் ஊற்றுகிறவர்களே பண்ணைக்கு முதலாளிகள், நான் அவர்களிடம் சம்பளம் வாங்குகிறவன் என்றார் குரியன். மறு ஆண்டே, 1965இல், தேசிய பால்வள வாரியம் பிறந்தது. டெல்லியில் அல்ல, ஆனந்தில்.

நாம் விட்டுவைத்திருந்த கேள்வி: ஆனந்தை ரயிலேற்றி மதுரைக்குக் கொண்டுவர முடியுமா?

* * *

முதலில் பணத்தின் கதை. அதைச் சுருக்கமாகவே சொல்லிவிடலாம்.

ஐரோப்பாவில் பால் பவுடரும் வெண்ணெயும் மலையாகக் குவிந்துகிடந்த காலம் அது. அதில் 1,26,000 டன் கொழுப்பு நீக்கிய பால் பவுடரும் 42,000 டன் வெண்ணெய் எண்ணெயும் உலக உணவுத் திட்டத்தின் வழியாக இந்தியாவுக்கு இனாமாக வருவதாக முடிவாயிற்று. அவற்றைப் பாலாக்கிப் பெருநகரங்களில் விற்க வேண்டும். வந்த பணத்தைக் கிராமங்களில் பால்வளம் பெருக்கப் போட வேண்டும். 1970இல் தொடங்கிய இந்தத் திட்டம்தான் 'ஆபரேஷன் ஃப்ளட்'. தமிழில் வெண்மைப் புரட்சி என்றோம்.

அந்தப் பணத்தில் லாரி வாங்கலாம். குளிரூட்டும் தொட்டி வாங்கலாம். எவர்சில்வர் குழாய் பதித்துப் பண்ணை கட்டலாம்.

கிராமத்துச் சொசைட்டியில் விடிகாலை ஐந்தரை மணிக்கு உட்கார்ந்து, நூறு பேர் பாலை நியாயமாக அளந்து, தப்பில்லாமல் எழுதி, ஏச்சுப்பேச்சு வாங்கிக்கொண்டு மறுநாளும் அதே இடத்தில் வந்து உட்காரும் ஒரு மனிதரை எங்கே வாங்குவது? வெண்மைப் புரட்சியின் வரலாற்றை எழுதியவர்கள் பெரும்பாலும் இந்த மனிதரைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். இந்த வாரம் அவரிடம்தான் நிற்கப்போகிறோம்.

* * *

வாடிப்பட்டிப் பக்கத்துக் கிராமம் ஒன்றை மனக்கண்ணில் கொண்டுவாருங்கள். வடக்கே சிறுமலை. பேரணையில் வைகையிலிருந்து பிரிகிற பெரியார் பிரதான கால்வாய், வயல்களுக்கு மேட்டில் ஓடுகிறது. கால்வாயில் தண்ணீர் வந்தால் நெல். நெல் வந்தால் வைக்கோல். நிலம் இல்லாதவருக்குக்கூட வாய்க்கால் கரைப் புல் இருந்தது; அதை நம்பி ஓர் எருமை இருந்தது.

பால் மதுரைக்குப் போனது. டீக்கடைக்கும் ஓட்டலுக்கும் தெருவிலுள்ள வீடுகளுக்கும். கொண்டுபோனவர் சைக்கிளில் இரண்டு பக்கமும் கேன் கட்டிய பால்காரர். மாடு கன்று போட்டதும் அவரிடம் முன்பணம் வாங்கிவிட்டால், மடி வற்றும்வரை பால் அவருக்குத்தான். விலையும் அவர் சொல்வதுதான். அவரைக் கெட்டவர் என்று எழுத எனக்கு மனமில்லை. அவசரத்துக்குப் பணம் கொடுக்க ஊரில் வேறு ஆள் இருந்ததில்லை.

ஆனால் ஓர் அநியாயம் அந்த முறைக்குள்ளேயே இருந்தது. பால் உழக்கிலும் படியிலும் அளக்கப்பட்டது. பருத்திக்கொட்டையும் புண்ணாக்கும் வைத்துக் கறந்த கெட்டிப் பாலுக்கும், சொம்பில் தண்ணீர் சேர்த்த பாலுக்கும் படி ஒன்றுதான், விலை ஒன்றுதான். நேர்மையாக ஊற்றுகிறவர் தினமும் கொஞ்சம் தோற்றார்.

லாக்டோமீட்டர் இருந்ததே என்று கேட்பீர்கள். இருந்தது. பாலில் மிதக்கவிட்டு 'டிகிரி' பார்ப்பார்கள். தண்ணீர் கலந்தால் டிகிரி இறங்கும். அதே நேரம், பாலிலிருந்து ஏட்டை எடுத்துவிட்டால் டிகிரி ஏறும். கொழுப்பு தண்ணீரைவிட லேசானது என்பதால் அப்படி. ஆக, ஏட்டை எடுத்துக்கொண்டு, அதற்கு ஈடாகத் தண்ணீர் ஊற்றினால் லாக்டோமீட்டர் சாதுவாக, சரியான இடத்தில் வந்து நிற்கும். இரண்டு தப்பு சேர்ந்து ஒரு சரியைக் காட்டிவிடும்.

* * *

இந்தச் சிக்கல் மதுரைச் சமவெளிக்கு மட்டுமானதல்ல. பத்தொன்பதாம் நூற்றாண்டின் கடைசியிலேயே அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்துப் பால்காரர்கள் இதே சண்டையைப் போட்டுக்கொண்டிருந்தார்கள். அங்கேயும் அளவுக்குத்தான் காசு. அங்கேயும் ஏடு எடுத்தவனுக்கும் எடுக்காதவனுக்கும் ஒரே கூலி. 1890இல் ஸ்டீபன் பாப்காக் என்ற வேதியியல் பேராசிரியர், பாலில் கந்தக அமிலத்தைச் சேர்த்துச் சுழற்றிக் கொழுப்பைத் தனியாகப் பிரித்து அளக்கும் வழியைச் சொன்னார். அதற்குக் காப்புரிமை வாங்கவும் மறுத்தார். ஏறக்குறைய அதே ஆண்டுகளில் சுவிட்சர்லாந்தின் நிக்லாஸ் கெர்பர் தன் சோதனையை வடிவமைத்தார்.

இந்தியாவுக்கு வந்தது கெர்பர் முறை. ஆனந்தில் கிராமச் சங்கங்கள் அதன்மேல்தான் நின்றன. யார் வேண்டுமானாலும் பால் கொண்டுவரலாம். ஒவ்வொருவர் பாலிலிருந்தும் மாதிரி எடுக்கப்படும். கொழுப்பு எவ்வளவோ, காசு அவ்வளவு.

* * *

தமிழ்நாட்டில் காகிதங்கள் அதற்குள் பலமுறை கைமாறியிருந்தன. 1958இல் பால்வளத் துறை தனியாக அமைந்தது. 1965 ஆகஸ்ட் 1 முதல் பால் கூட்டுறவுகள் அதன் நிர்வாகத்துக்குள் வந்தன. 1972 ஜூலை 1இல் தமிழ்நாடு பால்வள மேம்பாட்டுக் கழகம் உருவானது. 1981 பிப்ரவரி 1இல் அந்தக் கழகத்தின் வணிகப் பணிகள் தமிழ்நாடு கூட்டுறவு பால் உற்பத்தியாளர்கள் இணையத்தின் கைக்குப் போயின. கிராமத்தில் சங்கம், மாவட்டத்தில் ஒன்றியம், மாநிலத்தில் இணையம் என்ற ஆனந்தின் மூன்றடுக்கு முறை முழுமையானது அப்போதுதான். மதுரை ஒன்றியத்தின் பண்ணை சாத்தமங்கலத்தில் இருந்தது.

இணையத்தின் பாலுக்குப் பெயர் 'ஆவின்'. ஆவின் என்றால் பசுவினுடையது. 'ஆ' என்ற ஓரெழுத்துச் சொல்லை இன்று பேச்சில் யாரும் புழங்குவதில்லை. ஒவ்வொரு காலையும் பாக்கெட்டில் மட்டும் வாசலுக்கு வந்துவிடுகிறது. இதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு ஒரு சந்தோஷம்.

பெயரும் கட்டடமும் வந்துவிட்டன. கிராமத்தில் மேசைக்குப் பின்னால் உட்காரப்போவது யார்?

* * *

இங்கேதான் ஆனந்த்காரர்களின் அறிவு வேலை செய்தது. அவர்கள் வெறும் கையேட்டை அச்சடித்து அனுப்பிவிட்டு உட்கார்ந்துவிடவில்லை. ஆட்களை அனுப்பினார்கள்.

'ஸ்பியர்ஹெட் டீம்' என்று அதற்குப் பெயர். ஈட்டிமுனைக் குழு என்று சொல்லலாம். கால்நடை மருத்துவம் தெரிந்தவர், கிராமத்தில் கூட்டம் கூட்டிச் சங்கம் அமைக்கத் தெரிந்தவர் எனப் பல துறைக்காரர்கள் சேர்ந்த சிறு குழு. மாவட்டத்துக்கு வந்து, தங்கி, முதல் சில சங்கங்களைத் தாங்களே முன்னின்று அமைத்துக் காட்டுவார்கள்.

அவர்களோடு இன்னொரு குழுவும் நடக்கும். உள்ளூர் ஒன்றியம் தேர்ந்தெடுத்த ஆட்கள். 'நிழல் குழு' என்றே அதை அழைத்தார்கள். ஈட்டிமுனைக்காரர் கூட்டத்தில் பேசினால் நிழல்காரர் கேட்பார். அடுத்த ஊரில் நிழல்காரர் பேசுவார், மற்றவர் கேட்பார். வேலை கைக்கு வந்ததும் வந்தவர்கள் மூட்டையைக் கட்டிக்கொண்டு அடுத்த மாவட்டத்துக்குப் போய்விடுவார்கள். நிழல் அங்கேயே தங்கி ஆளாகிவிடும்.

கொத்தனாரிடம் சித்தாளாகச் சேர்ந்து தொழில் கற்கிற நம் ஊர்ப் பழக்கம்தானே இது! ஓர் அரசுத் திட்டம் அந்தப் பழக்கத்தின் மதிப்பை உணர்ந்து அதையே தன் முறையாக்கிக்கொண்டது அபூர்வம் என்று நான் நினைக்கிறேன்.

விவசாயிகளையும் ஆனந்துக்கு அழைத்துப் போனார்கள். பாஷை தெரியாத ஊர். ஆனால் தன்னைப் போன்ற ஒரு விவசாயி பொதுக்குழுவில் எழுந்து நின்று மேலாளரைக் கணக்குக் கேட்பதைப் பார்க்க பாஷை தேவைப்படவில்லை. தெற்கே ஈரோட்டில் தேசிய பால்வள வாரியத்தின் பயிற்சி நிலையம் வந்தபிறகு, அந்தப் பயணம் தமிழிலேயே சாத்தியமாயிற்று.

* * *

இப்போது அந்த மேசைக்கு வருவோம்.

ஊரில் பத்தாவது வரை படித்த ஓர் இளைஞர். கையெழுத்து நன்றாக இருக்கும், அல்லது கூட்டல் கழித்தல் சுத்தமாக வரும். அவரைச் சங்கம் 'டெஸ்டர்' ஆக்குகிறது. அதுவரை அவர் கையாண்ட அதிக ஆபத்தான பொருள் பூச்சிமருந்தாக இருந்திருக்கலாம். இப்போது அவர் முன்னால் ஒரு கண்ணாடிப் பாட்டில். உள்ளே அடர் கந்தக அமிலம்.

முதலில் சோதனைக் குழாயில் 10 மில்லி அமிலம். சாய்த்தால் அந்த அளவு மட்டுமே விழும்படியான தனிக் குமிழிலிருந்து ஊற்ற வேண்டும். அதன்மேல் 10.75 மில்லி பால். அவசரப்படக் கூடாது. குழாயின் சுவரோரமாக மெல்ல இறங்க வேண்டும். சடக்கென்று விட்டால் பால் கருகிவிடும். பிறகு 1 மில்லி அமைல் ஆல்கஹால். ரப்பர் அடைப்பானை இறுக்கி, துணியில் சுற்றி, குலுக்க வேண்டும்.

துணி எதற்கு? அமிலமும் பாலும் சேர்ந்த நொடியில் குழாய் கையில் பிடிக்க முடியாமல் கொதிக்கும். அந்தக் காலத்து டெஸ்டரை அவர் வேட்டியை வைத்தே அடையாளம் கண்டுகொள்ளலாம். ஒரு துளி தெறித்தால் போதும், பருத்தித் துணியில் அடுத்த சலவைக்குள் ஓட்டை விழுந்திருக்கும்.

அதன்பின் சுழற்றும் இயந்திரம். நிமிடத்துக்குச் சுமார் 1,100 சுற்று, நான்கைந்து நிமிடம். மின்சாரம் இல்லாத இடத்தில் கையால் சுற்ற வேண்டும்.

இந்த நான்கைந்து நிமிடத்தில்தான் மொத்தக் கதையும் இருக்கிறது. கை சோர்ந்து வேகம் குறைந்தால் கொழுப்பு முழுதாகப் பிரியாது. பிரியாத கொழுப்பு குழாயில் தெரியாது. தெரியாத கொழுப்புக்குக் காசு கிடையாது. ஓர் இளைஞரின் தோள்பட்டைச் சோர்வு, ஒரு விதவைத் தாயின் அன்றைய அரிசிக் காசைக் குறைத்துவிட முடியும். யாரும் யாரையும் ஏமாற்றவில்லை. இருந்தாலும் ஒருவர் ஏமாந்துவிட்டார்.

ஆகவே பயிற்சி என்பது சோதனையின் படிகளை ஒப்பிக்கக் கற்பதோடு முடியவில்லை. தன் கையின் ஒவ்வொரு அசைவும் அடுத்தவர் கூலி என்று அந்தக் கைக்குப் புரிய வேண்டியிருந்தது.

கடைசியில் 65 டிகிரி வெந்நீரில் குழாயை வைத்து, எடுத்து, கண்ணுக்கு நேரே தூக்கிப் பிடிக்கிறார். கறுத்த திரவத்துக்கு மேலே தங்க நிறத்தில் ஒரு சிறு கம்பம். அதன் உயரம்தான் கொழுப்பு. எருமைப் பாலில் ஆறு, ஏழு. பசும்பாலில் நான்கு பக்கம்.

அந்தக் கம்பத்தை அவர் எல்லோர் முன்னாலும் வாசித்தார். சந்தேகப்பட்டவர் கிட்டே வந்து எட்டிப் பார்த்துக்கொள்ளலாம். எழுதப் படிக்கத் தெரியாதவருக்கும் உயரம் தெரியுமே. பால் வாங்குகிறவர் மட்டுமே அறிந்திருந்த ஒரு ரகசியம், அன்றைக்குக் கண்ணாடிக்குள் நின்று ஊருக்குக் காட்சி தந்தது.

இன்னொன்றும் நடந்தது. முன்னால் வந்தவர் முன்னால் ஊற்றுவார் என்பது ஆனந்தின் விதி. எந்தத் தெருவிலிருந்து வந்த பாலானாலும் ஒரே கேனில்தான் விழும். சாதியால் தெருக்கள் பிரிந்துகிடந்த ஊர்களில் இது சாதாரண மாற்றமா? எல்லா ஊரிலும் இது சுலபமாக நடந்துவிட்டது என்று எழுத நான் தயாரில்லை. ஆனால் கேனுக்குள் போனபின் எந்தப் பால் யாருடையது என்று பிரிக்க எந்த ஊர்ப் பெரிய மனிதராலும் முடிந்ததில்லை.

* * *

சோதனை வந்த ஊர்களில் ஒரு புதிர் கிளம்பும்.

தண்ணீர் கலக்காதவருக்கும் சில நாள் கொழுப்பு குறைவாக வரும். டெஸ்டர் மேல் சந்தேகம் திரும்பும். சண்டை மூளும்.

விடை மடியில் இருந்தது. ஒரு கறவையில் முதலில் பீச்சுகிற பாலும் கடைசியில் பீச்சுகிற பாலும் ஒன்றல்ல. முதல் பாலில் கொழுப்பு ஒன்றிரண்டு சதவீதம்கூட இல்லாமல் போகலாம். கடைசிப் பாலில் அதைப்போலப் பல மடங்கு. கன்றுக்கு நிறைய விட்டுவைத்தாலோ, அவசரத்தில் பாதியில் எழுந்தாலோ, கொழுப்பின் பெரும்பங்கு மடியிலேயே தங்கிவிடும். அப்புறம் குழாய் என்ன செய்யும்?

மாடு பால் சுரப்பு விடுவது ஐந்து முதல் ஏழு நிமிடம்தான். அதற்குள் கறந்து முடிக்க வேண்டும். கட்டைவிரலை மடக்கிக்கொண்டு காம்பை இழுப்பது நம் பக்கத்துப் பழக்கம். அது காம்பைப் புண்ணாக்கும், மடிநோய்க்கு வழிவிடும். ஐந்து விரலும் சேர்த்து முழுக்கையால் அழுத்திக் கறக்க வேண்டும் என்று பயிற்சியாளர்கள் சொன்னார்கள். தலைமுறைகளாக வந்த கைப்பழக்கத்தை மாற்றச் சொன்னார்கள் என்பதை நாம் கவனிக்க வேண்டும். புதுத் தொழில் கற்பதைவிட, தெரிந்த தொழிலை மாற்றிக் கற்பது எத்தனை சிரமம் என்பது கறந்து பார்த்தவருக்குத் தெரியும்.

அதே சமயத்தில் மாடும் மாறிக்கொண்டிருந்தது. உழவுக்கு டிராக்டர் வந்தபின் தொழுவத்தில் காளைக்கு இருந்த இடம் சுருங்கியது. பாலமேட்டிலும் அலங்காநல்லூரிலும் வாடிவாசலுக்காக வளர்த்தவர்கள் வளர்த்தார்கள். மற்றவர் தொழுவத்தில் ஜெர்சிக் கலப்புப் பசு நின்றது. சமவெளிக்கு ஜெர்சி என்பது அரசின் இனவிருத்திக் கொள்கை.

ஜெர்சியோடு சினை ஊசி வந்தது. மைனஸ் 196 டிகிரி திரவ நைட்ரஜனில் மூழ்கிய உறைவிந்துக் குச்சி. அதை 37 டிகிரி நீரில் அரை நிமிடம் வைத்து இளக்கிப் போட வேண்டும். இதைச் செய்ய ஆளைப் பழக்கியாயிற்று. ஆனால் எப்போது போடுவது? பசு 21 நாளுக்கு ஒருமுறை பருவத்துக்கு வரும். அது ஒரு நாள்கூட முழுதாக நீடிக்காது. காலையில் தெரிந்தால் மாலையில் ஊசி, மாலையில் தெரிந்தால் மறுநாள் காலையில். தவறவிட்டால் இன்னும் 21 நாள் வெறும் தீவனச் செலவு. எருமையோ இன்னும் கடினம். கத்தாது, தாவாது. ஊமைப் பருவம்.

சாணம் அள்ளும்போது வாலோரம் கண்ணாடிபோல் ஒழுகும் வழும்பைப் பார்க்கிறவர்தான் முதலில் அறிவார். தவிட்டுத் தண்ணீரை மாடு பாதியில் விட்டதைக் கவனித்தவர்தான் அறிவார்.

* * *

அவர் யார்?

சாணம் அள்ளியவர், புல் அறுத்தவர், தண்ணீர் காட்டியவர் பெரும்பாலும் பெண். பெரும்பாலான வீடுகளில் காம்பைப் பிடித்துக் கடைசிப் பாலைக் கறந்ததும் அவர் கை. குழாயில் நின்ற தங்கக் கம்பத்தின் உயரத்தை உண்மையில் தீர்மானித்தது அந்தக் கைதான்.

சங்கத்தின் உறுப்பினர் பதிவேட்டைத் திறந்தால் கணவர் பெயர். பொதுக்குழுவில் கணவர். ஆனந்துக்கு ரயிலேறியவர்களில் பெரும்பாலோர் ஆண்கள். ஈரோட்டு வகுப்பில் குறிப்பெடுத்துக்கொண்டவர்களும் அப்படியே. அவர்கள் வீட்டுக்கு வந்து சொன்னதில் எவ்வளவு தொழுவம்வரை போய்ச் சேர்ந்தது?

1980களின் நடுவில் இந்தப் பிழை டெல்லிவரை உறைக்கத் தொடங்கியது. 1986-87இல் மத்திய அரசு பெண்களுக்கான பயிற்சி, வேலைவாய்ப்புத் திட்டம் ஒன்றைத் தொடங்கி, 'ஸ்டெப்' என்று பெயர் வைத்து, பால் தொழிலையும் அதில் சேர்த்தது. பெண்களே உறுப்பினர், பெண்ணே செயலாளர், பெண்ணே டெஸ்டர் என்ற சங்கங்களைப் பற்றிப் பேச்சு எழுந்தது.

திட்டம் எழுதியவர்கள் முன்னால் ஓர் எளிய தடை நின்றது. காலை ஐந்து மணிக்கும் மாலை நான்கு மணிக்கும் மாடு கறக்கிற பெண்ணைத் தேடும். வேற்றுக்கை பட்டால் சில மாடுகள் சுரப்பு விடாது. பிள்ளைகளை மாமியாரிடம் விட்டுவிட்டு வரலாம். மாட்டை யாரிடம் விட்டுவிட்டு அவர் வாடிப்பட்டியில் பஸ் ஏறி, ஈரோட்டுக்குப் போய், நாள்கணக்கில் தங்கிப் பாடம் கேட்பார்?

கறக்கிற கை வகுப்புக்கு வர முடியாது என்றால், வகுப்பு தொழுவத்துக்கு வந்ததா?

(தொடரும்)